ஒரே ஊரில் விற்ற சோப்பு

என் பெயரில் ஒரு சோப்பு இருந்தது. முகத்துக்குப் போடுகிற சோப்பாக இருந்திருந்தால் நானும் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்திருப்பேன். இது பாத்திரம் தேய்க்கிற சோப்பு. பச்சை நிறத்தில், உள்ளங்கையில் அடங்குகிற வட்டமாக இருக்கும். பெயர் பட்டாணி. பிறந்தபோது நான் பட்டாணி மாதிரி இருந்தேனாம், அப்பா அப்படியே கூப்பிட ஆரம்பித்தார். அந்த வருஷம்தான் சோப்பும் வந்ததால் அதற்கும் அதே பெயரை வைத்துவிட்டார். பள்ளிக்கூடத்தில் என்னை எப்படி ஓட்டியிருப்பார்கள் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். டிபன் பாக்ஸ் கழுவப் போகிறவளெல்லாம் "பட்டாணி, கொஞ்சம் வாடி, தேய்க்கணும்" என்று கூப்பிடுவாள். இன்றைக்கு நான் இருக்கிற இருப்புக்கு அந்தப் பெயர் கொஞ்சமும் பொருந்தாது. ஆனாலும் அப்பா விடுவதாக இல்லை.

அப்பாவும் சித்தப்பாவும் சேர்ந்து அந்த சோப்பைச் செய்தார்கள். தொழிற்சாலை என்று சொன்னால் பெரிதாக எதையோ நினைத்துக்கொள்வீர்கள். பஸ் டெப்போவுக்குப் பின்புறம் ஒரு தகரக் கொட்டகை. உள்ளே சோப்புக் கலவையை மாவு மாதிரி பிசைய ஒரு மெஷின், வட்டமாக அழுத்தி எடுக்க ஒரு அச்சு, காயவைக்கத் தட்டுகள், காகிதம் சுற்ற ஒரு நீள மேஜை. அப்பா கலவையைப் பார்த்துக்கொள்வார். சித்தப்பா வேனை எடுத்துக்கொண்டு கடை கடையாகப் போவார். கருகிய பாத்திரத்தில் பட்டாணியை வைத்து ஒரு இழுப்பு இழுத்தால் அடியில் முகம் பார்க்கலாம் என்று இரண்டு பேரும் மார்தட்டிக்கொள்வார்கள். அது உண்மைதான், பார்க்கலாம்.

அப்புறம் அப்பாவுக்கு முட்டி வலி வந்தது. நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்து, கல்யாணமும் பண்ணிக்கொண்டு, அடுத்த தெருவுக்குக் குடிபோனேன். சித்தப்பா பிள்ளைகள் இரண்டும் வெளியூரில். கொட்டகையை யார் பார்த்துக்கொள்வது என்று பேச்சு வந்தபோது ஒரு பெரிய கம்பெனி வந்து கேட்டது. 'அலை' என்ற பெயரில் டிவியில் ஓயாமல் வருகிற பாத்திர சோப்பு, துணி சோப்பு, தரை துடைக்கிற தண்ணீர் எல்லாம் அவர்களுடையது. கோட்டுப் போட்ட இரண்டு பேர் கொட்டகைக்கு வந்து, சோப்பைக் கையில் உருட்டிப் பார்த்து, "நல்ல பேர் சார் இது. நாங்க எங்கெங்கயோ கொண்டு போறோம் பாருங்க" என்றார்கள். அப்பா கையெழுத்துப் போட்டார். ஏமாற்றினார்கள் என்று என்னால் சொல்ல முடியாது. சொன்னபடி பணம் கொடுத்தார்கள், கொட்டகையில் வேலை பார்த்தவர்களுக்கும் குறை வைக்கவில்லை.

முதல் வருஷம் டிவியில் பட்டாணி வந்தது. கை கால் முளைத்த ஒரு பச்சைப் பட்டாணி, பாத்திரங்களுக்கு நடுவில் உருண்டு வந்து கண்ணடித்தது. "சோப்புக்கு எதுக்குடா கண்ணு வரையறானுங்க" என்று அப்பா முணுமுணுத்தார், ஆனால் அது மறுபடி வருகிறவரை சேனலை மாற்ற விடவில்லை. அடுத்த வருஷம் விளம்பரம் நின்றது. கொட்டகையை மூடிவிட்டு, எங்கேயோ இருந்த அவர்களுடைய பெரிய ஆலையிலேயே பட்டாணியையும் செய்ய ஆரம்பித்தார்கள். கடையில் கண்ணுக்கு நேராக அலை உட்கார்ந்துகொண்டது. பட்டாணி முழங்கால் உயரத்துக்கு இறங்கியது. அதை எடுக்க அப்பா குனியும்போதெல்லாம் முட்டி மடக் என்று சத்தம் போடும்.

"சோடாவைக் குறைச்சுட்டானுங்க. சத்தே இல்லாத சோப்பு. எவன் வாங்குவான்?" என்பார்.

"திறந்து தேய்ச்சுப் பாத்தீங்களாப்பா?"

"பெத்தவனுக்குத் தெரியாதா? காகிதத்துக்கு மேல கையை வச்சாலே தெரியுது."

ஒருநாள் சித்தப்பா, சரக்கு இறக்க வந்த கம்பெனி ஆளிடம் டீக்கடையில் வாயைக் கிளறி ஒரு செய்தி கொண்டுவந்தார். வருஷம் முடிவதற்குள் விற்பனை ஏறாவிட்டால் பட்டாணியை நிறுத்திவிடப் போகிறார்களாம். அப்பா சாப்பிட உட்கார்ந்து ரெண்டு வாயோடு எழுந்துவிட்டார். அவர் முகம் அன்றைக்கு விழுந்தது. அதற்குப் பிறகு பேப்பர் படிக்க மாட்டார், சவரம் செய்துகொள்ள மாட்டார், ஜன்னல் பக்கம் நாற்காலியைப் போட்டுக்கொண்டு வெறுமனே உட்கார்ந்திருப்பார். மனுஷன் இப்படியே போய்விடுவாரோ என்று எனக்குப் பயமாக இருந்தது. அவருக்கு வேண்டியது ஒன்றுதான்: அவர் கண் மூடுகிறவரை கடைக்குள் போனால் பட்டாணி அங்கே இருக்க வேண்டும்.

பிறகு ஒரு காலையில் அவரே சவரம் பண்ணிக்கொண்டு, பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார். திரும்பி வரும்போது பை நிறைய பட்டாணி. "விற்பனை ஏறணும், அவ்வளவுதானே? ஏத்திடுவோம்" என்றார்.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. விற்ற சோப்பை விற்றவரே போய் வாங்குவதை நீங்கள் எங்கேயாவது கேள்விப்பட்டதுண்டா? ஆனால் அப்பா முகத்தில் ரத்தம் ஓட ஆரம்பித்திருந்தது. சித்தப்பாவும் அவரும் சின்னப் பையன்கள் மாதிரி திட்டம் போட்டார்கள். பெரிய சூப்பர் மார்க்கெட்டில்தான் வாங்க வேண்டும், அங்கேதான் கம்ப்யூட்டரில் ஏறும். ஒரே கவுன்ட்டருக்கு இரண்டு தடவை போகக் கூடாது. ஒருநாள் தொப்பி, ஒருநாள் தொப்பி இல்லாமல். மாடியில் குடியிருந்த சித்தப்பா தன் பங்குக்குப் பழைய ஸ்கூட்டரில் ஊரின் மறுகோடிக் கிளைகளுக்கெல்லாம் போய் வந்தார். என்னையும் விடவில்லை. கடை விட்டு வரும் வழியில் நானும் கூடையில் பட்டாணியை அள்ளிப் போட்டுக்கொண்டு, பில் போடுகிற பெண் கேட்பதற்கு முன்பே "வீட்டுல விசேஷம்" என்று உளறுவேன். "உங்க அப்பா சோப்பை வித்தாரா, வாங்கினாரா? எனக்கு இன்னும் புரியல" என்று என் வீட்டுக்காரர் கேட்டார். அவரிடம் சண்டை போட்டுவிட்டு மறுநாளும் போய் வாங்கினேன்.

வாங்கியதெல்லாம் அப்பா வீட்டில் கட்டிலுக்கு அடியில், பீரோவுக்கு மேல், பரணில் என்று அடைந்தது. ஒன்றைக்கூட உடைக்கக் கூடாது என்பது உத்தரவு. வீட்டுப் பாத்திரத்துக்கு வேறு ஏற்பாடு. கொட்டகையில் தன் கையால் கடைசியாகப் போட்ட சோப்பை அப்பா ஒரு டிரங்குப் பெட்டியில் எடுத்து வைத்திருந்தார். தீரத் தீர அதிலிருந்து ஒன்றை எடுத்து அம்மா கையில் கொடுப்பார், ஏதோ நகை எடுத்துக் கொடுக்கிற மாதிரி.

இந்தத் திட்டத்தில் அம்மா கேட்டது ஒன்றே ஒன்றுதான். "வாங்கறது வாங்கறீங்க, என் பாயிண்ட் கார்டுலயாவது போடச் சொல்லுங்க. சும்மா போகுதே." சூப்பர் மார்க்கெட்டில் அம்மா பெயரில் ஒரு அட்டை இருந்தது. வாங்க வாங்கப் பாயிண்ட் ஏறும், பாயிண்ட்டுக்கு ஏதாவது சாமான் கொடுப்பார்கள். அம்மா முதலில் ஒரு பக்கெட் வாங்கினாள், பிறகு கண்ணாடி ஜாடிகள், பிறகு ஒரு இஸ்திரிப் பெட்டி. தொப்பி மாட்டி, கவுன்ட்டர் மாற்றி, கிளை மாற்றி இவ்வளவு சாமர்த்தியம் காட்டியவர்கள், எல்லா இடத்திலும் அதே அட்டையை நீட்டிக்கொண்டிருந்தார்கள். எங்கள் மூளை அவ்வளவுதான்.

ஒரு விடுமுறை நாளில் நான் அங்கே இருந்தபோது அம்மா, வெங்காயம் உரித்துக்கொண்டே, "இன்னிக்கு ஒரு பொண்ணு வருவா" என்றாள்.

"யாரும்மா?"

"பட்டாணி கம்பெனியிலருந்து. கார்டு வச்சிருக்கறவங்கள்லயே நான்தான் அதிகமா வாங்கறேனாம். வீட்டுக்கு வந்து பேசணுமாம். போன்ல அவ்வளவு மரியாதையா கேக்கறா, வராதேன்னா சொல்ல முடியும்?"

அப்பா நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்தார். மாடியைப் பார்த்துச் சித்தப்பாவைக் கூப்பிட்டார். நான் தலையில் கையை வைத்துக்கொண்டேன். ஆனால் அப்பாவுக்குக் கொஞ்ச நேரத்தில் பயம் தெளிந்து கண்ணில் ஒரு வெளிச்சம் வந்துவிட்டது.

"நல்லதாப் போச்சுடா. அவளுக்கு நம்ம யாருன்னு தெரியாது. நாம சாதாரண வாடிக்கைக்காரங்க. இதை விட்டா வேற சோப்பே கிடையாதுன்னு ஒரே போடா போட்டு அனுப்பிடுவோம். அவ போய் எழுதட்டும். ஒரு பய நிறுத்த மாட்டான்."

கூடத்தில் மாட்டியிருந்த படத்தை, அவரும் சித்தப்பாவும் கொட்டகை வாசலில் மெஷினோடு நிற்கிற படத்தை, கழற்றி சோபாவுக்குப் பின்னால் திருப்பி வைத்தார். நல்ல சட்டை மாற்றிக்கொண்டார். "நீ வாயைத் திறக்கக் கூடாது" என்று சித்தப்பாவிடம் சொன்னார். சித்தப்பா அப்போதே வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

வந்த பெண்ணுக்கு என் வயதில் பாதி இருக்கும். தோளில் கனமான பை, கையில் எழுதிக்கொள்ள ஒரு டேப்லெட். வெயிலில் அலைந்து வந்திருந்தாள் போல. அம்மா கொடுத்த தண்ணீரை ஒரே மூச்சில் குடித்துவிட்டு, "இவ்வளவு நல்லாப் பேசற வீடு இன்னிக்கு இதுதாம்மா முதல்" என்றாள். எனக்கு அவளைப் பிடித்துவிட்டது, அதனாலேயே சங்கடமாகவும் இருந்தது.

"எத்தனை வருஷமா பட்டாணி வாங்கறீங்க சார்?"

"அது பொறந்ததுலருந்து" என்றார் அப்பா. சித்தப்பா இருமினார். "அதாவது, கடைக்கு வந்ததுலருந்து."

"வேற எதையும் வாங்கிப் பாக்கலயா?"

"எதுக்கு? இதுல இல்லாதது வேற எதுல இருக்கு?"

அவள் சிரித்துக்கொண்டே எழுதினாள். "சரி, வீட்டுல பாத்திரம் தேய்க்கறது யாரு?"

"நான்தான்."

சமையலறை வாசலில் நின்றிருந்த அம்மா அவரைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து அப்பா தான் குடித்த டம்ளரைக்கூடக் கழுவியதில்லை. கொட்டகையில், கடைக்காரர்கள் முன்னால், சட்டைக் கையை மடித்துவிட்டுக் கருகிய பாத்திரத்தைத் தேய்த்துக் காட்டுவார். வீட்டுக்கு வந்தால் தட்டை அப்படியே வைத்துவிட்டு எழுந்துவிடுவார்.

"அப்ப கொஞ்சம் தேய்ச்சுக் காட்டறீங்களா சார்? தினமும் எப்படித் தேய்ப்பீங்களோ அப்படியே."

வேறு வழியில்லாமல் எல்லோரும் சமையலறைக்குப் போனோம். சமையலறையில் அப்பா வெளியூரிலிருந்து வந்த விருந்தாளி மாதிரி நின்றார். தேய்க்கிற நாரைத் தேடினார். "இங்கதானே வச்சேன்" என்று சொல்லிக்கொண்டு மசாலா டப்பாக்களுக்குப் பின்னாலெல்லாம் பார்த்தார். அம்மா குழாய்க்குப் பக்கத்தில் இருந்ததை அவர் பக்கம் தள்ளினாள். அம்மா ஏற்கெனவே கழுவிக் கவிழ்த்திருந்த பாத்திரத்தை அவர் எடுத்து, சோப்பை அதன் மேலேயே வைத்துத் தேய்த்து, குழாயை முழுசாகத் திறந்தார். தண்ணீர் பீய்ச்சி அடித்து அந்தப் பெண்ணின் டேப், என் உடை, சித்தப்பாவின் முகம் எல்லாம் நனைந்தது.

அவள் டேப்பைத் துடைத்துக்கொண்டே மெதுவாகக் கேட்டாள். "சார், தப்பா நினைக்காதீங்க. நிஜமா யாரு தேய்ப்பாங்க?"

"நான்தாம்மா" என்றாள் அம்மா. "தள்ளுங்க, நீங்க."

அம்மா தொட்டியில் கிடந்த பாத்திரங்களை எடுத்தாள். அந்தப் பெண் இப்போது அம்மா பக்கத்தில் போய் நின்றுகொண்டாள்.

"அலை இருக்கு, இன்னும் எத்தனையோ இருக்கு. நீங்க ஏம்மா இதையே எடுக்கறீங்க?"

அப்பா வாயைத் திறப்பதற்குள் அம்மா பேச ஆரம்பித்துவிட்டாள். அவள் பொய் சொல்லத் தெரியாதவள் என்பதை நாங்கள் திட்டத்தில் சேர்த்துக்கொள்ளவே இல்லை.

"முன்னாடி வந்த பட்டாணி நல்லாத் தேய்க்கும், ஆனா கையைத் தின்னுடும்மா. விரல் நுனியெல்லாம் வெடிச்சு வெடிச்சு வரும். உப்புத் தொட்டா உயிர் போகும். ராத்திரி எண்ணெய் தடவி, துணி சுத்திக்கிட்டுத்தான் படுப்பேன். உங்க கம்பெனி எடுத்ததுக்கு அப்புறம் வர்றது அப்படி இல்ல. பிசுக்கும் போகுது, கையையும் கடிக்கல. பாரு."

சோப்பு நுரையோடு கையை நீட்டிக் காட்டினாள். நானும் பார்த்தேன். சின்ன வயதில் அந்தக் கை என் தலையைக் கோதினால் முடி அதில் சிக்கும், நான் கத்துவேன். அம்மா என்றால் கை அப்படித்தான் இருக்கும் என்று நினைத்து வளர்ந்தவள் நான். இப்போது அந்த விரல்களில் ஒரு வெடிப்பு இல்லை.

"இது பழசு" என்றார் அப்பா. "டிரங்குப் பெட்டியிலருந்து நான் எடுத்துக் குடுத்தது."

"நீங்க குடுக்கறதை அடுப்புத் தேய்க்க வச்சுக்கறேன். உங்க தம்பி ஸ்கூட்டர் சக்கரத்துக்கும் அதான் எடுத்துட்டுப் போறார். துரு நல்லாப் போகுது. பாத்திரத்துக்குக் கட்டிலுக்கு அடியிலருந்து எடுக்கறேன்."

சித்தப்பா கூரையைப் பார்த்தார்.

"ஏன் என்கிட்ட சொல்லல?"

அம்மா கையை நிறுத்தவில்லை. "சொன்னேனே. முதல் வருஷமே சொன்னேன். கையை நல்லாக் கழுவி எண்ணெய் போடுன்னீங்க. போட்டேன்."

அவள் குரலில் கோபமே இல்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் அப்பா பதிலுக்கு ஏதாவது கத்தியிருப்பார், எங்களுக்கும் சுலபமாக இருந்திருக்கும். அப்பா சமையலறை முக்காலியில் உட்கார்ந்தார். எனக்கு அம்மாவைப் பார்க்கவும் பாவமாக இருந்தது, அப்பாவைப் பார்க்கவும் பாவமாக இருந்தது.

அந்தப் பெண்ணுக்குப் பாதி புரிந்தும் பாதி புரியாமலும் இருந்தது. ஆனால் நல்ல மனசு. "சார், நீங்க கவலைப்படாதீங்க. உங்களை மாதிரி ஒரு வீடு இருக்குன்னு நான் எழுதினாலே போதும். மத்த ஊர்ல நிறுத்தினாலும் இங்க மட்டுமாவது விட்டு வைப்பாங்க. எங்க லிஸ்ட்டுலயே இந்த ஒரு ஊர்லதான் பட்டாணி ஏறிக்கிட்டே போகுது."

"எழுதும்மா, எழுது" என்று சித்தப்பா வாயைத் திறந்துவிட்டார்.

அப்பா கேட்க வேண்டும் என்று ஏங்கியது அதுதான். வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தால் போதும், பட்டாணி கடையில் இருக்கும். நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் முட்டியில் கையை ஊன்றி எழுந்தார்.

"வாம்மா, ஒண்ணு காட்டறேன்."

படுக்கையறைக்குப் போய்க் கட்டில் விரிப்பைத் தூக்கினார். பிறகு பீரோ மேல் போட்டிருந்த துணியை இழுத்தார். பச்சைப் பச்சையாக, உறை பிரிக்காமல், சுவர் மாதிரி அடுக்கியிருந்தது.

"இந்த ஊர்ல வேற யாரும் வாங்கலம்மா. நான், என் தம்பி, என் பொண்ணு. நாங்க மூணு பேர்தான். இந்த சோப்பைப் பண்ணினவனே நான்தான். நிறுத்திடக் கூடாதுன்னு வாங்கினோம்."

அந்தப் பெண் குனிந்து கட்டிலுக்கு அடியில் பார்த்தாள். நிமிர்ந்தாள். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அடக்க முடியாமல் கையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"மன்னிச்சுக்குங்க சார். ஆபீஸ்ல ஆறு மாசமா மண்டையை உடைச்சுக்கறாங்க, இந்த ஊர்ல மட்டும் ஏன் விக்குதுன்னு. தண்ணி உப்புத் தண்ணி, அதான் பட்டாணி கேக்குதுன்னு ஒருத்தர் பெரிய ரிப்போர்ட்டே எழுதிட்டார். தண்ணியை பாட்டில்ல பிடிச்சு டெஸ்ட்டுக்கு அனுப்பியிருக்காங்க."

அப்பாவும் சிரித்தார். எத்தனையோ நாளுக்குப் பிறகு தொப்பை குலுங்கச் சிரித்தார். சித்தப்பா சுவரில் சாய்ந்துகொண்டு கண்ணைத் துடைத்தார். சிரிப்பு அடங்கியதும் அந்தப் பெண் முகம் மாறிவிட்டது.

"நான் உண்மையை எழுதினா நிறுத்திடுவாங்க சார்."

"தெரியும்மா. வாங்க ஆள் இல்லாததை நீங்க பண்ணிக்கிட்டே இருக்க முடியுமா? ஆனா அவ சொன்னா பாரு, கையைக் கடிக்கலன்னு. அதையும் எழுது. அவ சொன்ன மாதிரியே எழுது. அந்தக் கலவையை உங்க கம்பெனியில எவன் பண்ணினானோ அவன் கைக்கு அது போய்ச் சேரணும். அவ என்கிட்டச் சொல்ல வந்தப்ப நான் காதுல வாங்கல. அவனுக்காவது தெரியட்டும்."

"அவன் இல்ல சார். லேப்ல ஒரு மேடம்."

"அவங்ககிட்டச் சொல்லு."

அவள் போன பிறகு அப்பா டிரங்குப் பெட்டியைத் திறந்து தன்னுடைய சோப்பு ஒன்றை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனார். அன்றைக்கு மத்தியானப் பாத்திரத்தை அவர் தேய்த்தார். மறுநாளும் தேய்த்தார். அம்மா தடுக்கவில்லை. எங்கே என்ன இருக்கிறது என்று மட்டும் சொல்லிக்கொடுத்தாள். ஒரு வாரம் போயிருக்கும், நான் போனபோது அப்பா சட்டைப் பொத்தானைப் போட முடியாமல் திணறிக்கொண்டிருந்தார். விரல் நுனிகள் சிவந்து, தோல் உரிந்து, இரண்டு இடத்தில் வெடித்திருந்தது. பொத்தானை நான் போட்டுவிட்டேன். அன்று சாயங்காலம் அவர் டிரங்குப் பெட்டியோடு மிச்சத்தைத் தூக்கிச் சித்தப்பா கையில் கொடுத்து, "இந்தா, உன் சக்கரத்துக்கு வச்சுக்க" என்றார்.

அந்தப் பெண் சில மாதம் கழித்து அம்மாவுக்குப் போன் பண்ணினாள். பட்டாணி என்கிற பெயர் நின்றுவிடும். ஆனால் சோப்பு நிற்காது. கையைக் கடிக்கவில்லை என்பதை இன்னும் பல ஊர்களில் போய்க் கேட்டார்களாம், எல்லா இடத்திலும் தேய்க்கிறவர்கள் அதையே சொன்னார்களாம். அதனால் அதே கலவை, அதே வட்டம், 'அலை மிருது' என்ற பெயரில் வரப்போகிறது. பட்டாணி விற்காததற்குக் காரணம் அதன் பழைய பெயர்தானாம். கையைத் தின்கிற சோப்பு என்று ஒருதடவை விட்டவர்கள் அதைத் திரும்பி எடுக்கவே இல்லை. அம்மா இதையெல்லாம் ஒன்று விடாமல் அப்பாவிடம் சொன்னாள். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

எனக்கு விஷயம் தெரிந்தபோது நான் கடையில் ஒருவருக்குக் கண்ணாடிச் சட்டம் சரிபார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே போய் அழுதுவிட்டு வந்தேன். வாழ்நாள் முழுக்கத் திட்டிக்கொண்டிருந்த பெயர் அது, தொலைந்தது என்று சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். எனக்குத் துக்கமாகத்தான் இருந்தது.

கட்டிலுக்கு அடியில் இருந்ததை அக்கம்பக்கம் கொடுத்தோம், உறவுக்காரர்களுக்குக் கொடுத்தோம், மிச்சத்தை வைத்து அம்மா ரொம்ப நாள் ஓட்டினாள். ஒருநாள் அதுவும் தீர்ந்தது. "சோப்பு வாங்கணும்" என்று அம்மா சொன்னாள், யாரைப் பார்த்தும் சொல்லவில்லை. அப்பா பையை எடுத்துக்கொண்டார். எனக்கு மனசு கேட்காமல் நானும் கூடப் போனேன்.

சூப்பர் மார்க்கெட்டில் பட்டாணி இருந்த கீழ்த்தட்டில் தரை துடைக்கிற துணிகள் அடுக்கியிருந்தன. அலை மிருது மேலே, கண்ணுக்கு நேராக இருந்தது. வெள்ளை உறையில் நீல எழுத்து. அப்பா ஒன்றை எடுத்தார். குனியத் தேவையில்லாமல் எடுத்தது அவருக்கே புதுசாக இருந்திருக்கும். பின்பக்கம் பொடி எழுத்தில் இருந்ததைக் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் படித்தார். எங்கள் பெயரோ ஊரோ அதில் எதுவும் இல்லை. ஒன்றே ஒன்றைக் கூடையில் போட்டுக்கொண்டார்.

பக்கத்தில் ஒரு அம்மாள் இரண்டு கையிலும் இரண்டு சோப்பை வைத்துக்கொண்டு எதை எடுப்பது என்று தெரியாமல் நின்றுகொண்டிருந்தாள். அவள் விரல் நுனிகளில் வெடிப்பு இருந்தது. நான் பார்ப்பதற்கு முன்பே அப்பா பார்த்துவிட்டார்.

"இதை எடுத்துக்கங்கம்மா" என்று அலை மிருதுவைக் காட்டினார். "கையைக் கடிக்காது."

அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நீங்க கம்பெனி ஆளா?"

"இல்லம்மா. எங்க வீட்டுல இதுதான். எங்க வீட்டுக்காரம்மா சொல்லித்தான் வாங்கறேன்."

அவள் கையில் இருந்த இரண்டையும் திரும்ப வைத்துவிட்டு அதில் இரண்டு எடுத்துக்கொண்டு போனாள். அப்பா அவள் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றார். பில் போடுகிற இடத்தில் அவள் வரிசையில் சேர்ந்து, சோப்பை மேஜையில் வைத்து, காசு கொடுத்து, பையில் போடுகிறவரை நகரவில்லை.

பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டார். அவர் விரல் இன்னும் கொஞ்சம் சொரசொரப்பாக இருந்தது.

"வித்துடுச்சு பாத்தியா" என்றார். "நாம வாங்கல. வேற ஒருத்தங்க வாங்கிட்டுப் போறாங்க."